சினிமாவிலும் சீரியலிலும் எழுத்தாளராக வேலை பார்ப்பது எப்படி: முதல் பக்கத்திலிருந்து டைட்டில் கார்டு வரை

"அண்ணா, எங்கிட்ட ஒரு செம கதை இருக்கு, யாரைப் பார்க்கணும்?" வாரத்துக்கு ஒருவராவது என்னிடம் இதைக் கேட்கிறார். ஊரிலிருந்து ஒரு பையோடு வந்து, சாலிகிராமத்தில் நண்பனின் அறையில் ஓரமாகப் படுத்துக்கொண்டு கேட்பவர்களும் உண்டு, நல்ல வேலையில் இருந்துகொண்டே இரவு பதினொரு மணிக்கு மெசேஜ் போடுபவர்களும் உண்டு. நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான். எழுதி வைத்திருக்கிறீர்களா? பெரும்பாலும் வரும் பதில், "இல்லண்ணா, மைண்ட்ல முழுசா இருக்கு."

மனதில் இருக்கும் கதையை வைத்து இந்த வேலையில் ஒன்றும் செய்ய முடியாது என்பதைச் சொல்லத்தான் இவ்வளவு நீளமாக எழுத உட்கார்ந்திருக்கிறேன். கோடம்பாக்கத்தில் கதை வாய்வழியாகவே நடமாடுகிறது. தயாரிப்பாளரிடம் வாயால் சொல்கிறோம், ஹீரோவிடம் வாயால் சொல்கிறோம், டிஸ்கஷன் அறையில் நாள் முழுக்கப் பேசியே சீன் பிடிக்கிறோம். ஆனால் சம்பளம், டைட்டிலில் பெயர், உரிமை என்று வரும்போது எல்லோரும் கேட்பது காகிதத்தை. பல வருடங்களாக டிஸ்கஷனிலும் சீரியல் வசனத்திலும் இருந்து நான் பார்த்ததில், திறமை இருந்தும் காணாமல் போன நண்பர்களில் பலர் எழுதி வைக்காதவர்கள்தான். அதனால் கீழே எந்தப் படியைப் படித்தாலும், இதில் என் கையில் என்ன காகிதம் இருக்கும் என்று கேட்டுக்கொண்டே படியுங்கள்.

படி 1: எந்த வேலை வேண்டும் என்று முதலில் முடிவு செய்யுங்கள்

டைட்டிலில் கதை, திரைக்கதை, வசனம் என்று வருவது மூன்று தனித்தனி வேலைகள். என்ன நடக்கிறது என்பது கதை. அதை எந்த வரிசையில், யாருடைய பார்வையில், எதை மறைத்து எதைக் காட்டிச் சொல்கிறோம் என்பது திரைக்கதை. ஆட்கள் வாயைத் திறந்தால் என்ன பேசுவார்கள் என்பது வசனம். ஒருவருக்கு மூன்றும் வரலாம், ஒன்று மட்டும் பிரமாதமாக வரலாம்.

ஒரு காலத்தில் எழுத்தாளருக்கென்று தனி நாற்காலி இருந்தது. 1952-இல் 'பராசக்தி' வந்தபோது கலைஞரின் வசனத்துக்காகவே ஜனங்கள் திரும்பத் திரும்பப் போனார்கள், 1961-இன் 'பாசமலர்' என்றால் ஆரூர்தாஸ் பெயரும் கூடவே வரும். ஸ்ரீதர் முதலில் எழுத்தாளராகத்தான் வந்தார், இயக்குநரானது பிறகு. எழுபதுகளின் பிற்பாதிக்கு அப்புறம் இயக்குநரே எழுதுவது வழக்கமாகி, 'கதை திரைக்கதை வசனம் இயக்கம்' என்று ஒரே பெயர் வருவது பெருமையாகவும் ஆகிவிட்டது. தனியாகத் திரைக்கதை மட்டும் எழுதிப் பிழைப்பவர்கள் அதனால்தான் தமிழ் சினிமாவில் இன்றும் குறைவு. இலக்கியத்திலிருந்து வந்த சுஜாதா, பாலகுமாரன், ஜெயமோகன், எஸ். ராமகிருஷ்ணன் போன்றவர்களை சினிமா பெரும்பாலும் வசனத்துக்காகவே கூப்பிட்டது.

இதைச் சொல்வது பயமுறுத்த அல்ல. சினிமாவில் இயக்குநர் ஆசை இல்லாமல் எழுத்தை மட்டும் நம்பி வருபவருக்குக் கதவு சிறியது, சீரியலிலும் வெப் சீரிஸிலும் அதைவிடப் பெரியது, அவ்வளவுதான். சீரியலில் கதை ஒருவர், திரைக்கதை ஒருவர், வசனம் ஒருவர் என்று இன்றும் தனித்தனியாகப் பெயர் வருகிறது. வெப் சீரிஸிலும் இந்தப் பிரிவு திரும்ப வந்துகொண்டிருக்கிறது. 2022-இல் வந்த 'சுழல்' தொடரை எழுதியது புஷ்கர் – காயத்ரி, இயக்கியது பிரம்மாவும் அனுசரணும். எட்டு எபிசோடை ஒரே ஆள் எழுதி ஒரே ஆள் எடுத்து முடிப்பது சிரமம் என்பதால், எழுத்தாளரின் தேவை இங்கே தானாகவே கூடுகிறது.

படி 2: மூன்று படங்களைப் பிரித்துப் போடுங்கள்

உங்களுக்கு மனப்பாடமாகத் தெரிந்த ஒரு படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஓடவிட்டு, ஒவ்வொரு சீன் முடிந்ததும் நிறுத்தி, நோட்டில் ஒரே ஒரு வரி எழுதுங்கள்: யாருக்கு என்ன வேண்டும், யார் தடுத்தார்கள், சீன் முடியும்போது என்ன மாறியது. ஒரு முழு நாள் போகும். போகட்டும். முடித்துவிட்டுப் பார்த்தால் அறுபது எழுபது வரிகள் இருக்கும், அதுதான் அந்தப் படத்தின் சீன் ஆர்டர்.

இப்போது அதில் சில இடங்களைத் தேடுங்கள். பிரச்சினை எத்தனையாவது நிமிடத்தில் ஆரம்பிக்கிறது? இன்டர்வெலில் கதாநாயகனுக்குத் தெரியவந்தது என்ன, அது பார்வையாளருக்கு முன்பே தெரியுமா? இரண்டாம் பாதியில் எந்த இடத்தில் உங்களுக்கே போனை எடுத்துப் பார்க்கத் தோன்றுகிறது? நம் படங்களுக்கு இன்டர்வெல் ஒரு தனி உறுப்பு. வெளிநாட்டுத் திரைக்கதைப் பாடங்களில் மூன்று அங்கம் என்று படித்துவிட்டு வருபவர்கள் இங்கே தடுமாறுவது இதில்தான். நடுவில் பதினைந்து நிமிடம் வெளியே போய் டீ குடித்துவிட்டு வரப்போகும் ஆளுக்கு, அந்தப் பதினைந்து நிமிடமும் பேச ஒரு விஷயத்தைக் கையில் கொடுத்து அனுப்ப வேண்டும்.

இதை மூன்று படங்களுக்குச் செய்யுங்கள். ஒன்று பெரிய ஹிட், ஒன்று உங்களுக்குப் பிடித்து ஓடாமல் போனது, ஒன்று பிற மொழிப் படம். இந்த ஒரு வேலையே ஒரு பயிற்சி வகுப்புக்குச் சமம் என்று நினைக்கிறேன். முறையாகப் படிக்க வசதி இருந்தால் புனே திரைப்படக் கல்லூரியில் திரை எழுத்துக்கென்றே தனிப் படிப்பு இருக்கிறது. இயக்கத்தோடு சேர்த்துப் படிக்கச் சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. கிடைத்தால் போங்கள், கிடைக்கவில்லையென்றால் நோட்டும் பேனாவும் போதும்.

படி 3: ஒன்லைனிலிருந்து வசனம் வரை, வரிசையாக

இதுதான் மொத்த வேலையும், அதனால் இங்கே மெதுவாகப் போகிறேன். ஓர் உதாரணம் வைத்துக்கொள்வோம்.

கரண்ட் பில் கட்டாத வீடுகளில் பியூஸைப் பிடுங்கும் ஒரு லைன்மேன், தனக்குப் பாடம் சொல்லிக்கொடுத்த வாத்தியார் வீட்டு பியூஸையே பிடுங்க வேண்டி வருகிறது. கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் இது இன்னும் ஒன்லைன், அதாவது முழுக் கதையையும் ஒரே வாக்கியத்தில் சொல்லும் வரி, ஆகவில்லை. இது ஒரு சூழ்நிலை, ஒரு சீன். ஒன்லைனில் ஒருவர் எதையாவது விரட்டிக்கொண்டு போக வேண்டும், நேரம் குறைய வேண்டும், தோற்றால் இழப்பு இருக்க வேண்டும். இப்படி மாற்றிப் பார்க்கலாம்: தன் வாத்தியார் மகளின் கல்யாணத்துக்கு இரண்டே நாள் இருக்கும்போது அவர் வீட்டு பியூஸைப் பிடுங்கிய லைன்மேன், மாப்பிள்ளை வீட்டார் வந்து இறங்குவதற்குள் ஊருக்கும் வாத்தியாருக்கும் தெரியாமல் அந்த வீட்டுக்கு வெளிச்சம் கொண்டுவர அலைகிறான். இப்போது அடுத்து என்ன என்ற கேள்வி வருகிறது இல்லையா? பில் பாக்கி எவ்வளவு, வாத்தியார் ஏன் கட்டவில்லை, இவன் கையில் பணம் இருக்கிறதா, ரகசியமாகச் செய்வது ஏன்? கேள்விகள் தானாக வந்தால் ஒன்லைன் வேலை செய்கிறது என்று அர்த்தம். வராவிட்டால் எவ்வளவு அழகான வாக்கியமாக இருந்தாலும் மாற்றிவிடுங்கள்.

அடுத்தது சுருக்கம். இரண்டு மூன்று பக்கம், முடிவு உட்பட. முடிவைச் சொல்லாமல் 'மீதியை வெள்ளித்திரையில்' என்று நிறுத்துவது போஸ்டருக்குச் சரி, படிக்கப்போகும் தயாரிப்பாளருக்கு முடிவு தெரிந்தாக வேண்டும். இந்தச் சுருக்கம் எழுதும்போதே கதையின் ஓட்டை தெரிந்துவிடும், பெரும்பாலும் இன்டர்வெல் தாண்டி நான்காவது பத்தியில்.

அப்புறம் சீன் ஆர்டர். ஒவ்வொரு சீனுக்கும் ஓர் அட்டை, அல்லது நோட்டில் ஒரு வரி. தரையில் பரப்பி, மாற்றி மாற்றி வைத்துப் பாருங்கள். இரண்டு சீனுக்கு நடுவில் 'அப்புறம்' என்று வந்தால் கதை வெறுமனே நகர்கிறது, 'அதனால்' என்றோ 'ஆனால்' என்றோ வந்தால் கதை இழுக்கிறது. நான் இன்றும் ஒவ்வொரு அட்டைக்கு நடுவிலும் இந்தச் சொல்லைப் பென்சிலில் எழுதிப் பார்க்கிறேன். வரிசையாக மூன்று 'அப்புறம்' வந்தால் அங்கே ஏதோ ஒரு சீன் கழன்றுவிடலாம்.

சீன் ஆர்டர் நின்ற பிறகுதான் திரைக்கதையும் வசனமும். சீன் எண், இடம், உள்ளா வெளியா, பகலா இரவா, யார் யார் இருக்கிறார்கள், என்ன தெரிகிறது, என்ன கேட்கிறது. நம் ஊரில் பழைய வழக்கப்படி பக்கத்தை நீளவாக்கில் இரண்டாகப் பிரித்து இடப்பக்கம் காட்சி, வலப்பக்கம் வசனம் என்று எழுதுபவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஓடிடி கம்பெனிகள் கேட்பது நடுவில் வசனம் வரும் உலகப் பொது வடிவம். இரண்டும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்ற கணக்கு ஆங்கில எழுத்துரு அளவை வைத்து வந்தது, தமிழில் அப்படியே பொருந்தாது, அதனால் உரக்கப் படித்துக் கடிகாரத்தில் நேரம் பாருங்கள். செயலி என்று பார்த்தால், தமிழ் உட்பட இந்திய மொழிகளில் தட்டச்சு செய்வதை மனதில் வைத்து உருவாக்கப்பட்ட ஸ்கிரைட் இருக்கிறது. கூகுள் டாக்ஸிலேயே படம் முழுக்க எழுதி முடித்தவர்களும் இருக்கிறார்கள். செயலியைத் தேடுவதிலேயே ஒரு மாதத்தை ஓட்டாதீர்கள்.

வசனத்துக்கு வருவோம். லைன்மேன் வாத்தியார் வீட்டு வாசலில் நிற்கிறான். முதல் முறை எழுதும்போது எல்லோருக்கும் வருவது இதுதான்:

"சார், என்னை மன்னிச்சிடுங்க. எனக்கு அ, ஆ சொல்லிக்கொடுத்த வீட்டையே இன்னிக்கு நான் இருட்டாக்க வேண்டியதாப் போச்சு."

உணர்ச்சி இருக்கிறது, ஆனால் பார்க்கிறவர் உணர வேண்டியதை அவனே சொல்லி முடித்துவிட்டான். இப்போது இப்படிப் பாருங்கள். மீட்டர் பெட்டி உயரத்தில் இருக்கிறது, இவனுக்கு எட்டவில்லை. வாத்தியார் எதுவும் கேட்காமல் உள்ளே போய் ஒரு ஸ்டூலை எடுத்து வருகிறார்.

"இதுல ஒரு கால் ஆடும். ஏறு, நான் பிடிச்சுக்கிறேன்."

தன் வீட்டை இருட்டாக்க வந்தவன் விழுந்துவிடக் கூடாது என்று அவர் ஸ்டூலைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். இவன் மேலே ஏறிக் கையை வைக்கிறான். வேறு வசனம் வேண்டாம். நடிகருக்குச் செய்ய ஒரு வேலை கிடைத்துவிட்டது, கேமராவுக்குப் பார்க்க இரண்டு கைகள் கிடைத்துவிட்டன. வசனம் எழுதுகிறவர்கள் முதலில் தேட வேண்டியது அந்த ஸ்டூலைத்தான், வார்த்தை அதற்குப் பிறகு கிடைக்கும்.

இன்னொன்று, வட்டார வழக்கு. திருநெல்வேலி என்றால் 'ஏலே', கோயம்புத்தூர் என்றால் 'ஏனுங்க' என்று மசாலா தூவுவதைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள். அந்த ஊர்க்காரர் முதல் சீனிலேயே சிரித்துவிடுவார். பஸ்ஸில், கல்யாண வீட்டில், ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்து கேட்டு நோட்டில் எழுதுங்கள். வார்த்தையைவிட வாக்கியத்தை எங்கே விடுகிறார்கள், யாரிடம் எதைச் சொல்லாமல் மறைக்கிறார்கள் என்பதில்தான் ஊர் இருக்கிறது.

எல்லாம் சேர்ந்து பைண்ட் செய்த நிலைக்குப் பெயர் பவுண்ட் ஸ்கிரிப்ட். முதல் பிரதி முடிந்ததும் இரண்டு வாரம் அலமாரியில் வைத்துவிட்டு, பிறகு எடுத்து மூன்று முறையாவது திருத்துங்கள். இது முடியும்வரை யாரையும் பார்க்கப் போக வேண்டாம்.

படி 4: உள்ளே நுழையும் வழிகள்

வழக்கமான வழி, உதவி இயக்குநராகச் சேர்வது. ஸ்பாட்டில் ஓர் எழுதிய வரி எப்படி உடைகிறது, மழை வந்தால் எந்த சீன் செத்துப்போகிறது என்பதெல்லாம் அங்கேதான் தெரியும். ஆனால் பல வருடங்கள் போகும், சம்பளம் சீராக வராது. வீட்டில் கொஞ்சம் வசதி இருப்பவர் காத்திருக்க முடிகிறது, இல்லாதவர் நடுவிலேயே ஊருக்குத் திரும்பிவிடுகிறார். இது எனக்கு மிகவும் வலிக்கும் விஷயம், நன்றாக எழுதுகிற எத்தனையோ பேரை நாம் இப்படித்தான் இழக்கிறோம். வேலையை விட்டுவிட்டு வாருங்கள் என்று நான் யாருக்கும் சொல்வதில்லை. பவுண்ட் ஸ்கிரிப்ட் வேலையில் இருந்துகொண்டே எழுதக்கூடியது.

இரண்டாவது வழி கதை விவாதம். இயக்குநர் அறை போடுவார், நான்கைந்து பேர் உட்கார்ந்து பேசுவோம். நல்ல குழு கிடைத்தால் இதைவிடப் பெரிய பள்ளிக்கூடம் இல்லை. போகும் முன் மூன்று விஷயம் கேளுங்கள்: ஒரு நாளைக்கு எவ்வளவு, எத்தனை நாள், டைட்டிலில் 'கதை விவாதம்' என்று பெயர் வருமா. கேட்க வெட்கப்பட வேண்டாம், இரண்டு வேளைச் சாப்பாடும் டீயும் சம்பளம் ஆகாது. தினமும் இரவு, அன்று நீங்கள் சொன்ன சீன்களை உங்களுக்கு நீங்களே ஒரு மெயிலாக அனுப்பிக்கொள்ளுங்கள், தேதியோடு நிற்கும். பெண்களுக்கு ஒரு வார்த்தை கூடுதலாக. விவாதம் ஹோட்டல் அறையில் இரவு ஒன்பது மணிக்குத்தான் நடக்கும் என்பது சட்டம் ஒன்றும் இல்லை. ஆபீஸில், பகலில் வைத்துக்கொள்ளலாமா என்று கேளுங்கள். ஒழுங்காக வேலை செய்யும் குழு உடனே ஒப்புக்கொள்ளும்.

பிறகு குறும்படம். கலைஞர் தொலைக்காட்சியின் 'நாளைய இயக்குநர்' நிகழ்ச்சி வழியாக கார்த்திக் சுப்புராஜ், நலன் குமாரசாமி போன்றவர்கள் வந்த பிறகு இது ஒரு நிஜமான பாதையாகிவிட்டது. இயக்கம் உங்கள் ஆசை இல்லையென்றால், இயக்கும் நண்பருக்கு எழுதிக் கொடுங்கள், பெயர் போடச் சொல்லுங்கள். பத்திரிகைச் சிறுகதையும் ஒரு வழிதான். பாஸ்கர் சக்தி சிறுகதையிலிருந்து 'மெட்டி ஒலி' சீரியலுக்கு வசனம் எழுத வந்து, பிறகு 2009-இல் 'வெண்ணிலா கபடி குழு'வுக்கும் எழுதினார். தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம் நடத்தும் திரைக்கதைப் பட்டறைக்குத் தமிழ்க் கதையோடும் விண்ணப்பிக்கலாம், அறிவிப்பு வரும்போது கவனியுங்கள்.

படி 5: கதை சொல்லும் நாள்

இரண்டரை மணி நேரக் கதையை உங்களால் மூன்று அளவில் சொல்ல முடிய வேண்டும்: லிஃப்டில் ஒரு நிமிடம், டீ ஆறுவதற்குள் பத்து நிமிடம், உட்காரவைத்து இரண்டு மணி நேரம். பத்து நிமிடம்தான் மிக முக்கியம், இரண்டு மணி நேரத்துக்கான கதவு அங்கேதான் திறக்கும். நண்பர்களிடம் சொல்லிப் பழகாதீர்கள், அவர்கள் பாசத்தில் தலையாட்டுவார்கள். வீட்டில் காய் நறுக்கிக்கொண்டிருக்கும் அம்மாவிடமோ அக்காவிடமோ சொல்லிப் பாருங்கள், எந்த இடத்தில் கத்தி நிற்கிறது என்று கவனியுங்கள்.

பின்னணி இசையை வாயால் போடுவது, ஸ்லோ மோஷனை எழுந்து நடந்து காட்டுவது எல்லாம் சிலருக்கு வரும், வராதவர்கள் முயல வேண்டாம். கதாநாயகன் என்ன முடிவு எடுக்கிறான், ஏன் எடுக்கிறான் என்று தெளிவாகச் சொன்னால் போதும். எதிரில் இருப்பவர் போனைப் பார்த்தால் நிறுத்திவிட்டுக் காத்திருங்கள், கோபப்படாதீர்கள்.

வெளியே வந்ததும் டீக்கடைக்குப் போவதற்கு முன் ஒரு மெயில் அனுப்புங்கள். 'இன்று இந்தத் தேதியில் தங்களிடம் இந்தத் தலைப்பில் கதை சொல்ல நேரம் ஒதுக்கியதற்கு நன்றி, சுருக்கம் இணைப்பில்' என்று இரண்டே வரி. மரியாதையும் ஆச்சு, அத்தாட்சியும் ஆச்சு.

படி 6: சீரியல், மாதச் சம்பளம் வரும் எழுத்து

சினிமாக்காரர்கள் சீரியலைக் குறைத்துப் பேசுவதை நான் ஏற்றுக்கொள்வதே இல்லை. நாகா இயக்கிய 'மர்மதேசம்' தொடர்களுக்கு இந்திரா சௌந்தர்ராஜன் எழுதியதை இன்றும் ஜனங்கள் நினைவில் வைத்துப் பேசுகிறார்கள். எழுதிய பணத்தில் வாடகை கட்ட முடிவதும் பெரும்பாலும் இங்கேதான்.

வேலை இப்படி ஓடும். வாரத்தில் ஐந்து அல்லது ஆறு நாள் ஒளிபரப்பு, அரை மணி நேர ஸ்லாட், விளம்பரம் போக ஏறக்குறைய இருபது இருபத்திரண்டு நிமிடம் உங்களுடையது. அடுத்த சில வாரங்களுக்குக் கதை எங்கே போகிறது என்று சேனலின் கிரியேட்டிவ் குழுவோடு பேசி முடிவாகும். அதை எபிசோடாகப் பிரித்துத் தருபவர் திரைக்கதை எழுத்தாளர். வசனகர்த்தா கையில் அது சீன் பேப்பராக மாறி, மறுநாள் ஷூட்டிங்குக்குப் போகும். முந்தைய இரவே போக வேண்டும். காலை ஏழு மணிக்கு மேக்கப் போட்டு உட்கார்ந்திருக்கும் நடிகைக்கு, உங்கள் பேப்பர் வாட்ஸப்பில் இன்னும் வரவில்லை என்றால் முழு யூனிட்டும் காத்திருக்கும்.

மாமியாராக நடிப்பவருக்குத் திடீரென்று கால்ஷீட் இல்லை என்பார்கள். மாமியார் கோயிலுக்குப் போயிருப்பார், அவர் இல்லாத வீட்டில் அந்த சண்டையை வேறு யார் ஆரம்பிப்பார்கள் என்று அரை மணி நேரத்தில் எழுத வேண்டும். எத்தனை பேர் பார்த்தார்கள் என்று சொல்லும் பார்க் (BARC) ரேட்டிங் வியாழக்கிழமை வரும், இறங்கியிருந்தால் ஒரு கிளைக்கதையே அப்படியே மூடப்படும். மனம் உடையாமல் இதைச் செய்யப் பழகியவர் கை எந்த வேலைக்கும் தயாராகிவிடும். எபிசோட் முடியும் இடத்தில் ஒரு கொக்கி வேண்டும், ஆனால் ஒவ்வொரு நாளும் யாரோ கதவைத் திறந்து அதிர்ச்சியாகப் பார்ப்பதையே கொக்கியாக வைத்தால் மூன்றாம் வாரம் ஜனங்கள் சேனலை மாற்றுவார்கள். ஒரு முடிவை எடுக்க வைத்துவிட்டு நிறுத்துங்கள், அவள் கையெழுத்துப் போட்டாளா இல்லையா என்று நிறுத்துங்கள்.

சம்பளம் எபிசோட் கணக்கு. எத்தனை நாளில் பணம் வரும், தொடர் நின்றால் எழுதிக்கொடுத்து ஒளிபரப்பாகாத எபிசோடுகளுக்கு உண்டா என்று சேரும்போதே மெயிலில் கேளுங்கள். எனக்கு ஒரு தொடரில் இரண்டு மாதப் பணம் அப்படியே நின்றுபோனது, எழுதிக் கேட்காமல் வாய்வார்த்தையை நம்பிச் சேர்ந்ததால் யாரிடமும் போய்க் காட்ட என் கையில் ஒன்றும் இல்லை. இன்னொரு விஷயம், தினம் இருபது பக்கம் அடுத்தவர் கதைக்கு எழுதினாலும் உங்கள் சொந்தக் கதைக்கு ஒரு பக்கமாவது எழுதிவிடுங்கள், இல்லையென்றால் நான்கு வருடம் எங்கே போனது என்றே தெரியாது.

படி 7: காகிதம்

முதலில் ஒரு கசப்பான உண்மை. எண்ணத்துக்குக் காப்புரிமை கிடையாது. 1978-இல் ஆர்.ஜி. ஆனந்த் எதிர் டீலக்ஸ் ஃபிலிம்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்னது: கருவுக்கும் கருப்பொருளுக்கும் உரிமை இல்லை, அதை வெளிப்படுத்திய விதத்துக்கும் அமைத்த விதத்துக்கும்தான் உண்டு. லைன்மேன் வாத்தியார் வீட்டு பியூஸைப் பிடுங்குகிறான் என்று நீங்கள் டீக்கடையில் சொன்னதை நாளைக்கு வேறொருவர் எடுத்தால் வழக்குப் போட இடமே இல்லை. எழுபது சீனும் ஸ்டூலும் எழுத்தில் இருந்தால் கதை வேறு.

எழுதியவுடனேயே காப்புரிமை உங்களுக்கு வந்துவிடுகிறது, பதிவு கட்டாயமில்லை. ஆனால் தகராறு என்று வந்தால் தேதி வேண்டும். மத்திய அரசின் காப்புரிமை அலுவலகத்தில் இணையம் வழியாகவே பதியலாம், இலக்கியப் படைப்புக்குக் கட்டணம் 500 ரூபாய், விண்ணப்பித்த பிறகு ஆட்சேபணைக்காக 30 நாள் காத்திருப்பு உண்டு. சென்னையில் தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர்கள் சங்கம் இருக்கிறது, உறுப்பினராகிக் கதையைப் பதிவு செய்துவைக்கலாம். மும்பையின் ஸ்கிரீன்ரைட்டர்ஸ் அசோசியேஷனிலும் உறுப்பினராகி இணையத்தில் பதியலாம். இதற்குப் பயன் உண்டா என்று கேட்பவர்களுக்கு நான் சொல்வது 2018-இல் 'சர்கார்' படத்தில் நடந்தது. முன்பே சங்கத்தில் பதிவாகியிருந்த ஒரு கதையோடு ஒற்றுமை இருப்பதாக அப்போதைய தலைவர் பாக்யராஜ் வெளிப்படையாகச் சொன்னார், விஷயம் உயர் நீதிமன்றம் வரை போய்ச் சமரசமானது, பதிவு செய்திருந்தவருக்குப் படத்திலேயே நன்றி தெரிவிக்கப்பட்டது. அந்தப் பதிவு இல்லாமலிருந்தால் பேச்சே எழுந்திருக்காது.

அடுத்து ஒப்பந்தம். காப்புரிமையைக் கொடுப்பது எழுத்தில், கையெழுத்தோடுதான் செல்லும். எத்தனை வருடம் என்று எழுதாவிட்டால் 5 வருடம் என்று சட்டம் எடுத்துக்கொள்ளும், எந்த இடத்துக்கு என்று எழுதாவிட்டால் இந்தியா மட்டும். வாங்கியவர் ஒரு வருடத்துக்குள் அந்த உரிமையைப் பயன்படுத்தாவிட்டால், ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதியிராத பட்சத்தில், உரிமை உங்களிடம் திரும்பி வந்துவிடும். அந்தக் கடைசி வரியை நீக்கத்தான் பெரும்பாலான ஒப்பந்தங்களில் ஒரு பத்தி சேர்க்கப்பட்டிருக்கும், அதைத் தேடிப் படியுங்கள். முழுதாக நீக்க முடியாவிட்டால் மூன்று வருடத்துக்குள் படம் ஆரம்பிக்காவிட்டால் கதை திரும்ப வேண்டும் என்றாவது கேளுங்கள். 2012 சட்டத் திருத்தத்தின்படி, தியேட்டரில் படமாக ஓடுவதைத் தவிர்த்த மற்றப் பயன்பாடுகளுக்கு ராயல்டியில் பங்கு பெறும் உரிமையை எழுத்தாளர் விட்டுக்கொடுக்கவே முடியாது, விட்டுக்கொடுத்ததாக எழுதினாலும் செல்லாது. நடைமுறையில் பணமாகக் கைக்கு வருவது கடினமாகத்தான் இருக்கிறது, அதற்காக அந்த உரிமையைத் தெரியாமலேயே இருந்துவிடக் கூடாது.

பணத்தைத் தவணையாகப் பிரியுங்கள்: கையெழுத்தின்போது அட்வான்ஸ், சீன் ஆர்டர் கொடுத்ததும் ஒன்று, பவுண்ட் ஸ்கிரிப்ட் கொடுத்ததும் ஒன்று, ஷூட்டிங் தொடங்கும் நாளில் மீதி. 'ரிலீஸுக்கு முன்' என்று பெரிய தொகையைத் தள்ளிவைக்க ஒப்புக்கொள்ளாதீர்கள், படம் ரிலீஸாகாமல் போவது உங்கள் தவறு இல்லை. எத்தனை முறை திருத்தித் தருவீர்கள் என்ற எண்ணிக்கை இருக்கட்டும். ரீமேக், டப்பிங், இரண்டாம் பாகம், வெப் சீரிஸ் ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாகப் பேசுங்கள். நூறு ரூபாய்க்கு 10 ரூபாய் வரியாகப் பிடித்துக்கொண்டு மீதியைத் தருவார்கள், அந்தப் பிடித்தம் உங்கள் பான் எண்ணில் ஏறியிருக்கிறதா என்று பார்த்து வருமான வரிக் கணக்குத் தாக்கல் செய்யுங்கள். பல பேர் செய்யாமல், திரும்ப வர வேண்டிய சொந்தப் பணத்தையே விட்டுவிடுகிறார்கள். ஒப்பந்தத்தை ஒரு வக்கீலிடம் காட்டும் செலவு வீண் இல்லை.

படி 8: டைட்டில் கார்டு

படம் முடிந்து டப்பிங் நடக்கும்போது எழுத்தாளரை எல்லோரும் மறந்திருப்பார்கள். அப்போது நீங்களே போன் செய்யுங்கள். டைட்டில் கார்டு ஓடுவதை ஒருமுறை பார்க்க வேண்டும் என்று இணை இயக்குநரிடம் கேளுங்கள், ஒப்பந்தத்தில் 'திரைக்கதை' என்று போட்டிருந்தால் திரையிலும் 'திரைக்கதை' என்றே இருக்க வேண்டும், 'திரைக்கதை உதவி' என்று மாறியிருக்கக் கூடாது. தனிக் கார்டா, பத்துப் பெயரோடு சேர்ந்த கார்டா என்று பாருங்கள். பெயரில் ஒற்று விட்டுப்போயிருக்கிறதா, இனிஷியல் சரியா, போஸ்டரிலும் அதே மாதிரி இருக்கிறதா என்று பாருங்கள். மாற்ற வேண்டியிருந்தால் அன்றே எழுத்தில் சொல்லிவிடுங்கள், படம் சென்சாருக்குப் போன பிறகு ஓர் எழுத்தை மாற்றுவதும் பெரிய வேலை.